வீழ்வதற்கென்றே வரையப்பட்ட பலசாலிகள்: ஜப்பானின் கே மாங்காவில் ஆண்மையும் அதிகாரமும்

178, 85, 34. உயரம் சென்டிமீட்டரில், எடை கிலோவில், அப்புறம் வயது. ஜப்பானில் ஆண்களை விரும்பும் ஆண்கள், பத்திரிகைகளின் தொடர்பு விளம்பரங்களில் தங்களை இப்படித்தான் மூன்று எண்களால் அறிமுகப்படுத்திக்கொண்டார்கள். பெயர் பிறகு வரும், பல நேரம் வராமலே போகும். எண்களை அடுத்து உடல்வாகைச் சொல்ல ஒரு வார்த்தை இருக்கும். கட்டுமஸ்தான உடம்பென்றால் 'கச்சிரி', தசையோடு கொஞ்சம் சதையும் சேர்ந்திருந்தால் 'கச்சிமுச்சி', தாடியும் ரோமமுமாகப் பெருத்தவர் என்றால் 'குமா', அதாவது கரடி.

இந்த மூன்று எண்களுக்குள் அடங்கும் உடம்பைத்தான் அந்தப் பத்திரிகைகளின் சித்திரக்கதைகளும் வரைந்தன. தாடி வைத்த, தோள் அகன்ற, நெஞ்சு ரோமம் தெரிகிற ஆண்கள். ஜப்பானுக்கு வெளியே இந்த வகையை 'பாரா' என்கிறார்கள். வரைபவர்களும் அங்குள்ள வாசகர்களும் பெரும்பாலும் 'கே மாங்கா' அல்லது 'கே காமிக்' என்றுதான் சொல்கிறார்கள். கே என்றால் தன்பாலீர்ப்புள்ள ஆண், மாங்கா என்றால் ஜப்பானியச் சித்திரக்கதை. முதல் முறை பார்ப்பவருக்கு இது வெறும் தசை வழிபாடாகத் தோன்றும். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. தொடர்ந்து படித்த பிறகு வேறொன்று புரிந்தது. அந்த உடம்பு எவ்வளவு பெரிதாக இருந்தாலும் அதிகாரம் அதற்குள் இல்லை. பதவி, வயது, குடும்பம், சீருடை என்று வேறு எங்கோ இருக்கிறது. அது கைமாறும்போது அந்தப் பெரிய உடம்பு என்ன ஆகிறது என்பதையே இந்தக் கதைகளில் முக்கியமானவை திரும்பத் திரும்பச் சொல்கின்றன.

பழைய கதையைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம். எடோ காலத்து (1603-1868) ஜப்பானில் ஆண்களுக்கிடையிலான காதல் மறைவான விஷயமாக இருக்கவில்லை. இஹாரா சைகாகு 1687இல் அதைப் பற்றி ஒரு முழுக் கதைத் தொகுதியே எழுதினார். அந்த உறவில் மூத்தவர், இளையவர் என்ற படிநிலை உண்டு. முன்நெற்றி மயிர் மழிக்கப்படாத இளையவரே அழகின் இலக்கணம். அதன் பின் வந்த மெய்ஜி அரசு 1872இல் ஆண்களுக்கிடையிலான உடலுறவைக் குற்றமாக்கியது, 1880இல் எழுதப்பட்டு 1882இல் நடைமுறைக்கு வந்த தண்டனைச் சட்டத்தில் அதைக் கைவிட்டது. சட்டம் போனாலும், மேற்கிலிருந்து வந்த மருத்துவச் சொற்கள் இதை ஒரு நோயாகப் பேச ஆரம்பித்தன. மூத்தவர் இளையவர் என்ற படிநிலை மட்டும் பள்ளி விடுதி, ராணுவம், விளையாட்டுக் குழு, அலுவலகம் எல்லாவற்றிலும் அப்படியே தங்கிவிட்டது. 'சென்பாய்' என்ற மூத்தவர் சொன்னால் 'கோஹாய்' என்ற இளையவர் கேட்டாக வேண்டும். பின்னால் வந்த மாங்காவின் பாதி நாடகம் இந்த ஒரு விதியிலிருந்துதான் பிறந்தது.

போருக்குப் பிறகு, எழுத்தாளர் யுகியோ மிஷிமா 1955இல் எடை தூக்க ஆரம்பித்தார். மெலிந்த உடம்போடு வளர்ந்த அவர் தன் உடம்பைத் தானே செதுக்கிக்கொண்டார். எய்கோ ஹொசோயே எடுத்த அவருடைய படங்கள் 1963இல் 'பாராகெய்' என்ற நூலாக வந்தன. பாரா என்றால் ரோஜா. அந்தப் படங்களில் கட்டுறுதியான உடம்பும் வேதனையும் ஒன்றாகவே இருக்கின்றன. 1970இல் அவர் செப்புக்கு என்ற சாமுராய் முறையில் தன் முடிவைத் தேடிக்கொண்டார். அவருடைய பெயரால் தனக்குப் புனைபெயர் வைத்துக்கொண்ட கோ மிஷிமா என்ற ஓவியர், பச்சை குத்திய, முடியை ஒட்ட வெட்டிய, கோவணம் கட்டிய ஆண்களை வரைந்தார். இந்த வகை ஓவியர்கள் பலருக்கு ஆரம்பத்தில் இடம் கொடுத்தது, எல்லாவிதமான வழக்கத்துக்கு மாறான இச்சைகளையும் ஒரே அட்டைக்குள் வைத்து விற்ற 'ஃபூசோகு கிதான்' போன்ற இதழ்கள்.

1971இல் 'பாராசோகு' வந்தது. ரோஜாக் குலம் என்று பொருள். சாதாரணப் புத்தகக் கடைகளில் கிடைத்த முதல் கே வணிக இதழ் அதுதான். அதை நடத்திய புங்காகு இதோ தன்பாலீர்ப்பாளர் அல்ல, குடும்பஸ்தர். 1974இல் 'அதோன்', 'சாபு' என்று இரண்டு இதழ்கள் வந்தன. 'சாபு'வை உருவாக்கியவர்களில் கோ மிஷிமாவும் ஒருவர். 1982இல் வந்த 'சாம்சன்' வயதான, பருத்த ஆண்களை விரும்புகிறவர்களுக்கானது. ஒவ்வோர் இதழும் ஒரு வகை உடம்பைச் சுற்றி நின்றது என்பதைக் கவனிக்க வேண்டும். நம் ஊர்க் கண்ணுக்கு இது வினோதமாகப் படலாம். ஆனால் சிறு நகரத்தில் தனியாக இருந்த ஒருவருக்கு, தன்னைப் போன்ற உடம்பையும் ஒருவர் விரும்புவார் என்று சொன்னது அந்த மாத இதழ் மட்டும்தான்.

1995இல் 'ஜி-மென்' தொடங்கியது. தொடங்கியவர்களில் ஒருவர் கெங்கொரோ தகமே. 1964இல் காமாகுராவில் பிறந்தவர், தாமா கலைப் பல்கலைக்கழகத்தில் வரைகலை படித்தவர், விளம்பர வடிவமைப்பு வேலையை விட்டுவிட்டு 1994இலிருந்து முழுநேரமாக வரைய வந்தவர். இளமையும் மெலிவுமே பெரும்பாலும் அழகு என்றிருந்த பத்திரிகை உலகத்தில், முரட்டு உடம்புக்கென்று ஓர் இடம் வேண்டும் என்பது அவருடைய நோக்கம். ஆரம்ப கால அட்டைகளை அவரே வரைந்தார். அப்புறம் ஜிராயா என்ற ஓவியர் வந்தார்.

இங்கே பலரும் குழப்பிக்கொள்ளும் ஒரு விஷயத்தைத் தெளிவுபடுத்திவிடுகிறேன். பெண்கள் பெண்களுக்காக வரையும் 'பாய்ஸ் லவ்', அதாவது யாவோய், வேறு மரபு. அதில் இரண்டு பாத்திரங்களுக்கும் வேலை முன்கூட்டியே பிரிக்கப்பட்டிருக்கும். தாக்குபவர் 'செமே', ஏற்பவர் 'உகே'. இரண்டும் தற்காப்புக் கலைகளிலிருந்து வந்த சொற்கள். வழக்கமான பாய்ஸ் லவ் கதையில் உயரமும் கூர்மையான மோவாயும் உள்ளவர் செமே, குட்டையாகவும் பெரிய கண்களோடும் இருப்பவர் உகே. அட்டையைப் பார்த்தே சொல்லிவிடலாம். 1992இல் மசாகி சாதோ என்ற கே ஆர்வலர் ஒரு சிறு பெண்ணிய இதழில், எங்கள் வாழ்க்கையை நீங்கள் உங்கள் கற்பனைக்கு எடுத்துக்கொள்கிறீர்கள் என்ற ரீதியில் கோபமாக எழுதப்போய், அது ஆண்டுக்கணக்கில் ஓடிய 'யாவோய் விவாதம்' ஆனது.

கே மாங்காவில் பயன்படும் சொற்கள் வேறு. கே ஆண்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ளும் 'தாச்சி'யும் 'நெகோ'வும். உறவில் மேலே இருப்பவர் தாச்சி, ஏற்பவர் நெகோ. நெகோ என்றால் பூனை என்றும் பொருள். ஆனால் இங்கே உடம்பின் அளவை வைத்து யார் எது என்று ஊகிக்க முடியாது. ஆறடி உயர ஜூடோ வீரர் நெகோவாக இருப்பார். கண்ணாடி போட்ட மெலிந்த கணக்கர் அவரை ஆட்டிவைப்பார். தகமேயின் கதைகளில் இது கிட்டத்தட்ட ஒரு விதியாகவே ஆகிவிடுகிறது. யார் அதிக ஆண்மையோடு நிற்கிறாரோ அவரே கீழே விழப்போகிறவர். கதை அவருடைய கம்பீரத்தைப் பக்கம் பக்கமாக வரைந்து காட்டுவதே அது உடையும் சத்தம் நமக்குக் கேட்க வேண்டும் என்பதற்காக.

இதைச் சும்மா வக்கிரம் என்று தள்ளிவிட முடியாததற்குக் காரணம், அவர் அந்த வீழ்ச்சியை எங்கே கொண்டுபோய் வைக்கிறார் என்பது. 'கெதோ நோ இயே' என்ற நீள்தொடரை எடுத்துக்கொள்வோம். ஓர் இளைஞன் கிராமத்தின் பெரிய வீட்டுக்கு வீட்டோடு மாப்பிள்ளையாகப் போகிறான். ஆண் வாரிசு இல்லாத குடும்பம் மருமகனையே மகனாகத் தத்தெடுத்துக் குடும்பப் பெயரையும் கொடுத்துவிடும் வழக்கம் ஜப்பானில் இன்றும் உண்டு. 1898இன் குடிமைச் சட்டம் 'இயே' என்ற குடும்ப அமைப்பின் தலைவருக்கு, உறுப்பினர்கள் யாரை மணப்பது, எங்கே வசிப்பது என்பதில்கூட அதிகாரம் கொடுத்திருந்தது. 1947இல் சட்டம் அதை ஒழித்தது. தகமேயின் கதையில் அந்தத் தலைவர், மாமனார், ஒழியவில்லை. பலசாலியான மாப்பிள்ளை அந்த வீட்டின் அடிமையாகிறான். அவனுடைய கைகளில் உள்ள வலுவுக்கு அந்தக் கூரையின் கீழ் எந்த மதிப்பும் இல்லை. மருமகளாகப் போன பெண்கள் தலைமுறை தலைமுறையாக அறிந்திருந்த ஒன்றை, அந்த இடத்தில் ஓர் ஆணை வைத்துக் காட்டுகிறார் என்றுதான் நான் அதைப் படிக்கிறேன்.

இன்னொன்று, 'தென் தீவுப் போர்க்கைதி முகாம்' பற்றிய தொடர். பசிபிக் போரில் தோற்ற ஜப்பானிய வீரர்கள் அமெரிக்க முகாமில் அடைபட்டிருக்கிறார்கள். 1941இல் ஜப்பானிய ராணுவம் தன் வீரர்களுக்குக் கொடுத்த 'செஞ்சின்குன்' என்ற நடத்தை நெறி, உயிரோடு பிடிபட்டு அவமானத்துக்கு ஆளாகக் கூடாது என்று சொன்னது. ஆகவே உயிரோடிருக்கும் கைதி என்பவரே அந்த நெறியின்படி ஆண் என்ற தகுதியை இழந்தவர். அந்த இடத்திலிருந்து கதை தொடங்குகிறது. தோற்ற நாட்டின் ஆண்மை, வென்ற நாட்டின் உயரமான உடம்புகளுக்கு முன்னால் நிற்கிறது. 1945க்குப் பிறகு ஜப்பானிய ஆண்கள் வாய்விட்டுப் பேசாத ஒரு காயத்தை, விற்பனைக்கு வந்த ஒரு கே மாத இதழின் தொடர்கதை தொட்டது. பள்ளிப் பாடநூல்கள் அவ்வளவு அருகே போனதாக எனக்குத் தெரியவில்லை.

இந்தக் கதைகளில் வன்முறை உண்டு, வற்புறுத்தல் உண்டு. சில பக்கங்களில் நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு எழுந்து போயிருக்கிறேன். வயதுவந்த வாசகர்களுக்கானவை என்று அட்டையில் போட்டிருப்பது சும்மா இல்லை. கற்பனையில் ஒன்றை விரும்புவதும் வாழ்க்கையில் அதை விரும்புவதும் வேறுவேறு என்பதை மனதில் நிறுத்தித்தான் இவற்றைப் படிக்க வேண்டும். தகமே இந்த வன்முறையைப் பூசி மெழுகுவதில்லை என்பதை நான் மதிக்கிறேன். வலிக்கிற முகத்தை வலிக்கிற முகமாகவே வரைகிறார். 1860களில் தைசோ யோஷிதோஷி குருதி சொட்டும் மரக்கட்டை அச்சுப் படங்கள் செய்தாரே, அந்த மரபின் கோடு இவருடைய தூரிகையில் ஓடுகிறது.

முகத்தைப் பற்றிச் சொன்னதால் சட்டத்தையும் சொல்லியாக வேண்டும். 1907ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டத்தின் 175ஆம் பிரிவு ஆபாசப் பொருள்களை விற்பதைத் தடுக்கிறது. அதற்குப் பயந்து பதிப்பகங்கள் பிறப்புறுப்புகளின் மேல் கறுப்புப் பட்டையோ மங்கலான கட்டங்களோ போடுகின்றன. இது ஓவியர்களின் கண்ணை வேறு பக்கம் திருப்பியது என்பது என் கணிப்பு. வரையக்கூடாதது ஒன்று இருக்கும்போது, வரையக்கூடியது எல்லாம் பேச ஆரம்பிக்கிறது. தகமேயின் ஒரு பக்கத்தை விரல் நுனி தூரத்தில் வைத்துப் பாருங்கள். இறுகிய கழுத்து நரம்பு, முழங்கையின் உள்பக்க வியர்வை, கடித்த பல்லால் துருத்தும் தாடை எலும்பு, கயிறு அழுத்திய இடத்தில் பிதுங்கும் தோல். ஒவ்வொரு ரோமமும் தனித்தனியாக இழுக்கப்பட்டிருக்கும். ஆண் என்றால் அசையாமல் தாங்குபவர் என்ற கட்டளை எத்தனை தசைகளை ஒரே நேரத்தில் இறுக்கிப் பிடிக்கச் சொல்கிறது என்பதை அந்தப் பக்கத்தில் எண்ணியே பார்த்துவிடலாம்.

ஜிராயாவிடம் போனால் காற்றே வேறு. அவர் வரையும் ஆண்களும் அதே பருமன்தான், சில நேரம் இன்னும் பெரியவர்கள். ஆனால் சிரிக்கிறார்கள். வயல்வேலை செய்த கன்னச் சிவப்பு, வெட்கம், வாய் நிறையச் சோறு. அவர்களுடைய உடம்பு யாரையும் மிரட்டுவதற்கு இல்லை, சாய்ந்துகொள்வதற்கு. தகமே அதிகாரத்தை உடைத்துக் காட்டுகிறார் என்றால், ஜிராயா அது இல்லாமலே இரண்டு பெரிய ஆண்கள் ஓர் அறையில் இருக்க முடியும் என்று காட்டுகிறார். தகேஷி மாட்சு போன்றவர்கள் இதை அலுவலகம், வாடகை அறை, பகுதிநேர வேலை என்று அன்றாடத்துக்குள் கொண்டுபோனார்கள். அங்கே சென்பாய் கோஹாய் விதிகூட ஒரு செல்லச் சண்டையாக மாறிவிடுகிறது.

இவ்வளவு பாராட்டிய பிறகு, என்னை உறுத்தும் ஒன்றையும் மறைக்க விரும்பவில்லை. இந்தப் பக்கங்களில் பெண்மை சாயலுள்ள ஆண்களுக்கு அநேகமாக இடமே இல்லை. ஜப்பானியத் தொலைக்காட்சி பல ஆண்டுகளாகக் காட்டிய ஒரே கே உருவம் 'ஒனே', அதாவது அக்கா மாதிரிப் பேசும் ஆண். அவரை வைத்துச் சிரிக்கலாம், அழகுக் குறிப்பு கேட்கலாம், அவ்வளவுதான். இல்லாவிட்டால், 2005 வாக்கில் பிரபலமான ஒரு நகைச்சுவை நடிகரைப் போல, எதிர்பாலினரை விரும்பும் ஒருவரே தோலாடை போட்டுக்கொண்டு கே ஆணாக நடித்து இடுப்பை ஆட்டுவார். இப்படிக் கேலிக்கு ஆளான ஒரு கூட்டம், நாங்களும் ஆம்பளைகள்தான் என்று ஓங்கிச் சொல்ல ஆசைப்பட்டது எனக்குப் புரிகிறது. ஆனால் அந்தக் குரல் ஓங்கியபோது, மதுக்கூடத்தில் பக்கத்து நாற்காலியில் இருந்த ஒனே ஒதுக்கப்பட்டார். தொடர்பு விளம்பரங்களில் பெண்மை சாயல் உள்ளவர்கள் வேண்டாம் என்ற வரி சாதாரணமானது. சமூகம் தங்களை அளந்த அதே கோலை எடுத்து இவர்கள் தங்களுக்குள் ஒருவரையொருவர் அளந்தார்கள். இந்தப் பத்திரிகைகளைத் தயாரித்தவர்களிலேயே அப்படிப்பட்டவர்கள் இருந்தார்கள். இன்று ஜப்பானின் மிகப் பிரபலமான தொலைக்காட்சி முகங்களில் ஒருவரான மாட்சுகோ டிலக்ஸ், 1994இல் தொடங்கிய 'பாடி' இதழில் ஆசிரியர் குழுவில் வேலை பார்த்தவர்தான்.

2014இல் தகமே ஒரு திருப்பம் எடுத்தார். 'தம்பியின் கணவன்' என்ற தொடரை, பொது வாசகர்கள் படிக்கும் 'மாதாந்திர ஆக்‌ஷன்' இதழில் எழுதினார். அதில் படுக்கையறைக் காட்சி ஒன்றுகூட இல்லை. யாயிச்சி விவாகரத்தானவர், சிறுமி கானாவைத் தனியாக வளர்க்கிறார். கனடாவில் இறந்துபோன அவருடைய இரட்டைச் சகோதரன் ரியோஜியின் கணவர் மைக் ஒருநாள் வாசலில் வந்து நிற்கிறார். பெரிய உடம்பு, தாடி. அதாவது 'ஜி-மென்' அட்டையிலிருந்து எழுந்து வந்த ஆள். வாசலிலேயே மைக் கட்டியணைக்க, யாயிச்சி விறைத்துப்போகிறார்.

இந்தத் தொடரில் தகமே ஓர் எளிய உத்தியைக் கையாள்கிறார். யாயிச்சி மனதில் நினைக்கும் கடுமையான பதிலை ஒரு கட்டத்தில் வரைவார். அடுத்த கட்டத்தில் அவர் உண்மையில் சொன்ன மரியாதையான சொல் வரும். அந்த இரண்டு கட்டங்களுக்கும் நடுவில்தான் ஜப்பானின் படித்த, நல்ல, யாரையும் திட்டாத ஆண் வாழ்கிறார். அவர் யாரையும் வெறுக்கவில்லை, சகோதரனிடம் பேசாமல் இருந்துவிட்டார், அவ்வளவுதான். இதில் யாரும் யாரையும் அடிப்பதில்லை. ஆனால் அந்தப் பேசாமையால் ஒரு சகோதரனை இழந்திருக்கிறார்.

கானா ஒருநாள் மைக்கிடம் கேட்கிறாள், உங்களில் யார் கணவன், யார் மனைவி என்று. மனைவி யாரும் இல்லை, இருவருமே கணவர்கள்தான் என்கிறார் மைக். குழந்தைக்கு அது உடனே புரிந்துவிடுகிறது. பக்கத்தில் இருக்கும் யாயிச்சிதான் தடுமாறுகிறார், ஏனென்றால் அதே கேள்வி அவர் மனதிலும் வேறு வடிவத்தில் இருந்திருக்கிறது. தாச்சி யார், நெகோ யார், மேலே யார், கீழே யார் என்பதையே இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிரக்கணக்கான பக்கங்களில் வரைந்த ஒருவரின் கையிலிருந்து இந்த பதில் வந்தது என்பது எனக்கு முக்கியமாகப் படுகிறது. அவர் பழைய படைப்புகளை மறுக்கவில்லை, அவற்றை மறைக்கவும் இல்லை. அதிகாரம் எப்படி வேலை செய்கிறது என்று அவ்வளவு கூர்ந்து பார்த்தவருக்குத்தான், அது இல்லாத ஒரு திருமணத்தை இவ்வளவு சாதாரணமாக எழுத முடிந்தது என்று நினைக்கிறேன்.

தொடர் 2017 வரை போனது. ஜப்பானிய அரசின் ஊடகக் கலை விழாவில் பரிசு பெற்றது, ஆங்கில மொழிபெயர்ப்பு 2018இல் ஐஸ்னர் விருது வாங்கியது. இதற்கிடையே பத்திரிகைகளின் காலம் முடிந்துகொண்டிருந்தது. 'ஜி-மென்' 2016இல் நின்றது, 'பாடி' 2019இல். மூன்று எண்கள் மட்டும் கைப்பேசிச் செயலிகளுக்குக் குடிபெயர்ந்துவிட்டன.

2018 மார்ச்சில் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கே இந்தக் கதையை மூன்று பகுதிகளாகப் படமெடுத்தது. மைக்காக நடித்தவர் பாருதோ. எஸ்தோனியாவில் பிறந்து, சுமோவில் உச்சப் பட்டமான யோகோசுனாவுக்கு அடுத்த படியான ஓசெகி வரை உயர்ந்து, 2013இல் ஓய்வுபெற்ற மல்லர். சுமோ வளையத்தில் எதிராளியைத் தூக்கி வெளியே வைத்த அதே கைகள் தொலைக்காட்சியில் ஒரு சிறுமியின் எதிரே உட்கார்ந்து, நான் உன் சித்தப்பாவின் கணவன் என்று தன்னை அறிமுகப்படுத்திக்கொண்டன. ஒரு காலத்தில் இப்படி ஓர் உடம்பைப் பார்க்க, புத்தகக் கடையில் யாரும் கவனிக்கிறார்களா என்று திரும்பிப் பார்த்துவிட்டு இதழைக் கையில் எடுத்தவர்கள், அன்று அதைக் கூடத்தில் பெற்றோரோடு உட்கார்ந்து பார்த்திருக்க முடியும்.